நடிகர் செர்க்காசோவும் அவர் காலமும்

(திரைப்பட ரசனை வகுப்பொன்றில் தோழர்களிடையே ஆற்றப்பட்ட உரையின் எழுத்து வடிவம்)

1942 ஜூலை இறுதியில், நாஜிப் படைகள் வோல்கா நதியை நோக்கி முன்னேறிக்கொண்டிருந்த நாட்களில், சோவியத் அரசு மூன்று புதிய படை விருதுகளை நிறுவியது. சுவோரவ், குத்தூசவ், அலெக்சாந்தர் நெவ்ஸ்கி என்னும் பழைய படைத்தலைவர்களின் பெயரால் அமைந்தவை அவை. முதல் இருவரின் உருவங்கள் ஓவியங்களில் இருந்தன. நெவ்ஸ்கியோ பதின்மூன்றாம் நூற்றாண்டு இளவரசர்; அவருடைய முகம் எத்தகையது என்பதற்கு அவர் காலத்துச் சான்று ஏதுமில்லை. பதக்கத்தை வரைந்த கலைஞர் அதற்காகக் கைகட்டி நிற்கவில்லை. நான்கு ஆண்டுகளுக்கு முன் மக்கள் வெண்திரையில் கண்ட முகத்தையே எடுத்துக்கொண்டார். போர் முடியும்வரை செம்படையின் பல்லாயிரம் அதிகாரிகள் மார்பில் தாங்கி நின்றது, நிக்கோலாய் செர்க்காசோவ் என்னும் நடிகரின் பக்கத்தோற்றத்தை.

உலகில் எந்த நடிகருக்கும் எளிதில் கிட்டாத பெருமை இது. ஆயினும் செர்க்காசோவின் வாழ்க்கையை எழுதுவோர் பெரும்பாலும் இரண்டில் ஒன்றைச் செய்துவிடுகின்றனர். மேலை நாட்டு விமர்சகர் சிலர் அவரை அரசவை நடிகர் என்று ஒரு சொல்லில் ஒதுக்குகின்றனர். நம் பக்கத்துக் கட்டுரைகளோ அவர் பெற்ற பரிசுகளையும் பட்டங்களையும் வரிசையாக அடுக்கிவிட்டு, 1947 பிப்ரவரி மாதத்து ஓர் இரவை மட்டும் மெல்லக் கடந்துவிடுகின்றன. அந்த இரவைப் பேசாமல் இந்த நடிகரைப் பேச முடியாது. அதற்குமுன் அவர் எங்கிருந்து வந்தார் என்பதைப் பார்க்க வேண்டும்.

1903இல் பீட்டர்ஸ்பர்க் நகரில் ஒரு ரயில்வே ஊழியரின் மகனாகப் பிறந்தார் செர்க்காசோவ். புரட்சி நடந்தபோது அவருக்கு வயது பதினான்கு. 1919இல், பசியும் குளிரும் சூழ்ந்த பெத்ரோகிராடில், மரீன்ஸ்கி அரங்கில் பேச்சில்லாத் துணைப் பாத்திரங்களை ஏற்கும் ஊமைக்கூத்து நடிகராகச் சேர்ந்தார். மாபெரும் பாடகர் ஷல்யாப்பின் பாடி நடித்த மேடையின் ஓரத்தில் கூட்டத்தில் ஒருவராக நின்றது அவருக்குக் கிடைத்த முதல் கல்வி. குரலால் மட்டுமன்றி முதுகாலும் விரலாலும் ஒரு பாத்திரத்தைச் சொல்ல முடியும் என்பதை அங்கே கற்றார்.

அவர் உடல் ஒரு விந்தையான உடல். ஆறடியைக் கடந்து நெடிது வளர்ந்தவர்; கைகால்கள் நீண்டு மெலிந்தவை; எலும்பே இல்லையோ என ஐயுறும்படி வளையக்கூடியவை. இத்தகைய உடலை வைத்துக்கொண்டு வீரநாயகனாக நடிக்க வரும் இளைஞனை எந்த இயக்குநரும் திருப்பி அனுப்பிவிடுவார். செர்க்காசோவ் அதை முதலீடாக்கினார். அந்நாளில் டென்மார்க்கின் பாட், பட்டாஷோன் என்னும் நகைச்சுவை இணை ரஷ்யத் திரையரங்குகளில் பெரும் புகழ் பெற்றிருந்தது. நெட்டையர் பாட் வேடத்தில் செர்க்காசோவும், குட்டையர் பட்டாஷோனாக போரிஸ் சிர்க்கோவும், சாப்ளினாக பியோத்தர் பெரேசோவும் சேர்ந்து ஆடிய கோமாளி நடனம் லெனின்கிராட் மேடைகளில் மக்களை வயிறு குலுங்கச் சிரிக்க வைத்தது. நாடகக் கல்வி நிறுவனத்தில் பயிற்சி முடித்து, 1926இல் சிறுவர் நாடக அரங்கில் சேர்ந்தார். அங்கே குழந்தைகளுக்காக அவர் ஏற்ற வேடங்களுள் ஒன்று டான் குவிக்ஸாட். இந்தப் பெயர் பின்னரும் வரும்.

திரைப்படத்திலும் தொடக்கம் இப்படித்தான்: 1927இல் ஒரு படத்தில் முடிதிருத்துபவர், பிறகு சில்லறை நகைச்சுவை வேடங்கள். ஸார்ஹி, ஹெய்ஃபிட்ஸ் என்னும் இரு இளம் இயக்குநர்கள் 1935இல் எடுத்த ஒரு நகைச்சுவைப் படத்தில் அசட்டு இளைஞனாக வந்தார். 1936இல் ஜூல் வெர்ன் கதையை ஒட்டிய ‘கேப்டன் கிராண்டின் பிள்ளைகள்’ படத்தில் ஞாபகமறதி மிக்க புவியியலாளர் பகனேல் ஆனார். சோவியத் சிறுவர்கள் தலைமுறை தலைமுறையாக அவரை அடையாளம் கண்டது இந்தப் படத்தால்தான்.

அதே இரட்டை இயக்குநர்கள் அடுத்து எடுக்க முனைந்தது முற்றிலும் வேறான ஒரு படம்: ‘பால்டிக் பிரதிநிதி’. இதன் மூலம் ஒரு மெய்யான மனிதர். தாவரங்கள் ஒளியை உண்டு வாழும் முறையை ஆராய்ந்த கிளிமெந்த் திமிரியாசெவ் என்னும் விஞ்ஞானி, முதிய வயதில், தம் வர்க்கத்து அறிஞர்கள் பலரும் முகம் திருப்பிக்கொண்ட வேளையில், அக்டோபர் புரட்சியின் பக்கம் நின்றார். மாஸ்கோ ரயில்வே தொழிலாளர்கள் அவரைத் தங்கள் சோவியத்துக்குத் தேர்ந்தெடுத்தனர். 1920இல் இறப்பதற்குச் சற்று முன், அவர் அனுப்பிய நூலைப் பாராட்டி லெனின் கடிதம் எழுதினார். படத்தில் இக்கதை பெத்ரோகிராடுக்கு இடம் மாறுகிறது. ரயில்வே தொழிலாளர்கள் பால்டிக் கப்பற்படை மாலுமிகள் ஆகின்றனர். விஞ்ஞானியின் பெயர் பேராசிரியர் பொலெஷாயெவ்.

எழுபத்தைந்து வயது முதியவரான அந்த வேடம் தமக்கு வேண்டும் என்று செர்க்காசோவ் கேட்டபோது அவருக்கு வயது முப்பத்திரண்டைச் சுற்றி. நேற்றுவரை தங்கள் படத்தில் அசடு வழிந்த இளைஞன் இன்று முதுபெரும் விஞ்ஞானியாக வேண்டுமென்றால் இயக்குநர்கள் நம்புவார்களா? மறுத்தனர். அவர் விடவில்லை, மீண்டும் மீண்டும் கேட்டு ஒப்புக்கொள்ள வைத்தார்.

படத்தைப் பார்ப்போர் முதுமை ஒப்பனையை இரண்டு நிமிடங்களில் மறந்துவிடுவர். காரணம், செர்க்காசோவ் முதுமையைத் தளர்ச்சியாக நடிக்கவில்லை. பொலெஷாயெவ் பரபரப்பானவர், முன்கோபி, குறும்பர். நீண்ட கால்களால் அறையைச் சுற்றிச் சுற்றி வருபவர். பாட் வேடக் கோமாளியின் நடையேதான் அது. சற்றே வேகம் குறைந்து, சற்றே கூன் விழுந்து வருகிறது. அவருடைய பிறந்தநாள் காட்சியை நினைத்துப் பாருங்கள். மேசை விரிக்கப்பட்டிருக்கிறது, கோப்பைகள் வரிசையாக இருக்கின்றன, அழைக்கப்பட்ட பேராசிரியர்கள் வரவில்லை. போல்ஷெவிக்குகளுக்கு ஆதரவாக எழுதியதற்கு இது தண்டனை. ஊர்விலக்கு என்பது நம் நாட்டில் யாருக்கும் விளக்க வேண்டிய சொல்லன்று. கிழவர் அழவில்லை. மனைவியைப் பார்ப்பதும், நாற்காலியை ஒழுங்குபடுத்துவதுமாக இருக்கிறார். பின்பு தொலைபேசி ஒலிக்கிறது, மறுமுனையில் லெனின். அடுத்த காட்சிகளில் மாலுமிகள் நிறைந்த அரங்கில் தாவரவியல் பாடம் நடத்துகிறார். அறிவுத்துறையினர் உழைக்கும் வர்க்கத்தின் பக்கம் வருவது எப்படி என்று தீர்மானங்களில் நாம் பத்தி பத்தியாக எழுதுவதை, வெறும் நாற்காலிகளைக் கொண்டே சொல்லிவிடுகிறது அந்தக் காட்சி. படம் 1937இல் வெளிவந்தது. அதன்பின் சில காலத்திலேயே வாக்காளர்கள் செர்க்காசோவை உண்மையாகவே உச்ச சோவியத்தின் பிரதிநிதியாக்கினர். 1940இல் கட்சியில் சேர்ந்தார்.

‘மகா பீட்டர்’ படத்தில் தந்தைக்கு எதிராகச் சதி செய்யும் கோழை இளவரசன் அலெக்சேயாக வந்ததையும், ‘1918இல் லெனின்’ படத்தில் கார்க்கியாக வந்ததையும் பெயரளவில் குறிப்பிட்டுவிட்டு, ஐசென்ஸ்டீனிடம் வரலாம்.

‘அலெக்சாந்தர் நெவ்ஸ்கி’ 1938 டிசம்பரில் வெளியானது. உறைந்த ஏரியின்மேல் ஜெர்மானிய வீரத்துறவியரை ரஷ்ய மக்கள் முறியடித்த கதை. அந்தப் பனிப்போர், மாஸ்கோவில் கோடைகாலத்தில், சமன்செய்த தரையில் சுண்ணத்தூள் முதலியன பரப்பிப் படமாக்கப்பட்டது. கொளுத்தும் வெயிலில் நடிகர்கள் மென்மயிர் ஆடையும் கவசமும் அணிந்து வாளேந்தினர். புரோக்கோஃபியேவின் இசையைப் பற்றித் தனியே ஓர் உரை வேண்டும். செர்க்காசோவுக்கு இதில் நடிக்க அதிகம் கொடுக்கப்படவில்லை என்பதே உண்மை. நெவ்ஸ்கி ஒரு சிலை. நேராக நிற்கிறார், தொலைவைப் பார்க்கிறார், முழங்குகிறார். கோமாளி இங்கே முற்றாக ஒளிந்துகொண்டான். பதக்கத்துக்கு ஏற்ற முகம் கிடைத்தது. 1939 ஆகஸ்டில் சோவியத்-ஜெர்மன் உடன்பாடு ஏற்பட்டதும் படம் அரங்குகளிலிருந்து விலக்கப்பட்டது. 1941 ஜூன் 22க்குப் பின் மீண்டும் நாடெங்கும் ஓடியது. ஒரே படம், ஒரே முகம். இடைப்பட்ட இரண்டாண்டில் மாறியது அயலுறவுக் கொள்கை. இதைக் குத்திக்காட்டுவதற்காகச் சொல்லவில்லை. அரசின் உடனடித் தேவையோடு இவ்வளவு இறுகப் பிணைந்த கலை, அத்தேவை மாறும்போது என்னவாகும் என்பதற்கு அது முதல் முன்னறிவிப்பு.

இனி ‘இவான்’. முதலில் பெயரைப் பற்றி ஒரு சொல். ஆங்கில வழியில் வந்த பழக்கத்தால் தமிழில் ‘கொடுங்கோலன் இவான்’ என்று எழுதுகின்றனர். ரஷ்ய மொழியில் அந்த அடைமொழி ‘குரோஸ்னி’. இடியும் மழையும் கலந்த புயலைக் குறிக்கும் ‘குரோசா’ என்னும் சொல்லோடு உறவுடையது. கொடுமையை விட, கண்டோர் உள்ளம் நடுங்கும் பெருந்தோற்றமே அதன் பொருள். தொல்காப்பிய உரியியல் ‘உரு’ என்னும் சொல்லுக்கு உட்கு எனப் பொருள் உரைக்கிறதே, அந்த உட்குதான் இது. மொழிபெயர்ப்பில் நேரும் ஒரு சிறு பிழை, படத்தைப் பார்ப்பதற்கு முன்பே தீர்ப்பு எழுதிவிடுகிறது. ஏனெனில் படத்தைச் சூழ்ந்த பூசல் முழுவதும் இந்த ஒரு சொல்லைப் பற்றியதுதான்: இவான் அச்சம் தந்த பேரரசனா, அச்சத்தில் வாழ்ந்த மனிதனா?

போரின் நடுவே, 1943இல், மத்திய ஆசியாவின் அல்மா-அத்தா நகரில் படப்பிடிப்பு தொடங்கியது. பகலில் மின்சாரம் தொழிற்சாலைகளுக்கு வேண்டும். ஆகவே இரவில் படம் எடுத்தனர். செர்க்காசோவுக்கு அது உடல்வதையாக இருந்தது. ஐசென்ஸ்டீன் ஒவ்வொரு சட்டகத்தையும் முன்கூட்டியே வரைந்து வைத்திருப்பார். கழுத்து எந்தக் கோணத்தில் திரும்ப வேண்டும், தாடி எந்தத் திசையில் கூர்ந்து நீள வேண்டும் என்பதெல்லாம் கோட்டோவியத்தில் இருக்கும். நடிகர் அந்த வடிவத்துக்குள் தம்மை மடித்து நுழைக்க வேண்டும். இயக்குநர் வேண்டிய தோற்றங்களுக்கு உள்ளத்தில் நியாயம் கண்டுபிடிப்பது கடினமாக இருந்தது என்று பின்னாளில் ‘ஒரு சோவியத் நடிகரின் குறிப்புகள்’ நூலில் செர்க்காசோவ் குறைப்பட்டுக்கொண்டார். முறையீடு நியாயமானதே. ஆனால் முதல் பாகத்தின் இறுதியில், பனிவெளியில் மக்கள் ஊர்வலம் எறும்புச் சாரையாய் வளைந்து வர, சட்டகத்தின் மேற்புறத்திலிருந்து இவானின் முகம் பருந்துபோல் கவிந்து இறங்குகிறதே, அதை மரீன்ஸ்கியின் ஊமைக்கூத்தும் பாட்டின் வளையும் எலும்பும் இல்லாத வேறொரு நடிகர் செய்திருக்க முடியாது.

முதல் பாகம் 1945 தொடக்கத்தில் வெளியாகி, அடுத்த ஆண்டு ஸ்டாலின் பரிசு பெற்றது. 1946 பிப்ரவரியில், அப்பரிசையொட்டி நடந்த விருந்தில் நடனமாடிக்கொண்டிருந்தபோது ஐசென்ஸ்டீனுக்கு மாரடைப்பு ஏற்பட்டது. இரண்டாம் பாகம் அப்போதுதான் முடிந்திருந்தது. முதல் பாகத்து இவான் நாட்டை ஒன்றுபடுத்துபவன். இரண்டாம் பாகத்து இவான் தனியன். நண்பர்கள் விலகிவிட்டனர், ஒப்ரிச்னிக்கி என்னும் காவற்படை அவனைச் சூழ்ந்திருக்கிறது, கொல்வதற்கு ஆணையிட்டுவிட்டு, ஆணையிட்ட கையைத் தானே அஞ்சுகிறான். போரில் ஜெர்மானியரிடமிருந்து கைப்பற்றிய வண்ணச் சுருளில் எடுத்த விருந்துக் காட்சியில், தன்னைக் கொல்லச் சதி செய்தோர் அரியணையில் ஏற்ற விரும்பிய பேதை உறவினனுக்கு அரச உடையைத் தானே அணிவித்து அழகு பார்க்கிறான். கொலையாளியின் கத்தி அந்த உடையைத் தேடி வரும் என்பது அவனுக்குத் தெரியும். இந்த இடத்தில் செர்க்காசோவின் முகத்தில் நகையும் அச்சமும் ஒன்றையொன்று துரத்துகின்றன. ஒளிந்திருந்த கோமாளி இங்கே திரும்பி வந்துவிட்டான், கையில் நஞ்சோடு.

1946 செப்டம்பர் 4 அன்று கட்சியின் மத்தியக் குழு வேறொரு படத்தைக் குறித்து நிறைவேற்றிய தீர்மானம், இதையும் சேர்த்துக் கண்டித்தது. முற்போக்கான ஒப்ரிச்னிக்கி படை அமெரிக்க நிறவெறிக் கும்பலைப்போல் காட்டப்பட்டிருக்கிறது, உறுதிமிக்க இவான் ஹாம்லெட்டைப்போல் தள்ளாடுகிறான் என்பவை குற்றச்சாட்டுகள். ஐசென்ஸ்டீனும் செர்க்காசோவும் ஸ்டாலினுக்குக் கடிதம் எழுதினர். 1947 பிப்ரவரி 25 இரவு பதினொரு மணிக்குக் கிரெம்ளினுக்கு அழைக்கப்பட்டனர். ஸ்டாலின், மோலடோவ், ஸ்தானோவ் ஒருபுறம். நோயிலிருந்து மீளாத இயக்குநரும் நெட்டை நடிகரும் மறுபுறம்.

வெளியே வந்தவுடன் இருவரும் நினைவிலிருந்து சொல்லி எழுதுவித்த குறிப்பு கிடைக்கிறது. இவான் செய்த தவறு கொடுமை செய்தது அன்று, எஞ்சிய பெரும் நிலப்பிரபுக் குடும்பங்களை முற்றாக ஒழிக்காமல் இடையில் நிறுத்தியதே என்றார் ஸ்டாலின். மற்றவர்கள் தாடியின் நீளத்தையும் நிழல்களையும் குறை கூறினர். தாடியைக் குறைப்பதாக ஐசென்ஸ்டீன் ஒப்புக்கொண்டார். எவ்வளவு காலம் வேண்டுமானாலும் எடுத்துக்கொண்டு திருத்துங்கள் என்று அனுமதி கிடைத்தது. அதே ஆண்டில் செர்க்காசோவுக்குச் சோவியத் மக்கள் கலைஞர் பட்டம் வழங்கப்பட்டது. ஐசென்ஸ்டீன் ஒரு சட்டகத்தையும் திருத்தாமலேயே 1948 பிப்ரவரி 11இல் ஐம்பதாம் வயதில் இறந்தார். மூன்றாம் பாகம் முடிக்கப்படவே இல்லை. இரண்டாம் பாகம் 1958வரை பெட்டிக்குள் இருந்தது.

தோழர்களே, போரில் கோடிக்கணக்கான உயிர்களை இழந்து, ஊர்கள் எரிந்து கிடந்த நாடு அது. புதிய போரின் நிழல் விழத் தொடங்கிய ஆண்டு அது. இவற்றை மறந்து அந்தத் தீர்மானத்தைப் பேசுவது நேர்மையன்று. ஆனால் இவற்றைச் சொல்லிவிட்டதாலேயே தீர்மானம் சரியாகிவிடாது. ஒரு கலைப்படைப்பு, நிறைவேறாத உற்பத்தி அறிக்கையைப்போல் விசாரிக்கப்பட்டது. இவானைப் பற்றிய கருத்து வேறுபாடு தவறில்லை. கட்சி தன் கருத்தை எழுதலாம், வாதிடலாம், கடுமையாகவே கண்டிக்கலாம். பறிக்கப்பட்டது வேறொன்று. லெனின்கிராட் ஆலைத் தொழிலாளியும் உக்ரைன் கூட்டுப்பண்ணை உழத்தியும் அப்படத்தைப் பார்த்துத் தாமே தீர்ப்புச் சொல்லும் உரிமை பன்னிரண்டு ஆண்டுகள் அவர்களிடமிருந்து பறிக்கப்பட்டது. பாசிசத்தை வீழ்த்திய மக்களை ஒரு திரைப்படம் குழப்பிவிடும் என்று அஞ்சுவதற்கு, அவர்கள்மீது எவ்வளவு குறைந்த நம்பிக்கை வேண்டும்!

அந்த இரவில் செர்க்காசோவ் எதிர்த்துப் பேசவில்லை. 1953இல் வெளியான தம் நூலிலும் அச்சந்திப்பை மதிப்போடுதான் பதிவு செய்தார். இதைக் கோழைத்தனம் என்று சாய்வு நாற்காலியில் அமர்ந்து சொல்லிவிடுவது எளிது. அவர் கட்சி உறுப்பினர். அந்தத் தலைமையின் கீழ்தான் போர் வெல்லப்பட்டது என்பதைக் கண்ணால் கண்டவர். நம்பியும் இருக்கலாம். அவருடைய விடையை மேடையிலும் திரையிலும் தேடுவதே பொருத்தம்.

அதற்கிடையே அவர் இந்தியா வந்து சென்றதைச் சொல்ல வேண்டும். 1950-51 குளிர்காலத்தில், ‘தாய்’ படத்தை எடுத்த புதோவ்கினும் செர்க்காசோவும் இங்கே வந்தனர். இப்பயணத்தைப் பற்றிச் செர்க்காசோவ் ஒரு நூலும் எழுதினார். கல்கத்தாவில் நிமாய் கோஷின் ‘சின்னமூல்’ என்னும் வங்கப் படம் புதோவ்கின் கண்ணில் பட்டது. கிழக்கு வங்கத்திலிருந்து வேரறுந்து வந்த அகதிகளின் கதை அது. சியால்டா ரயில் நிலையத்து அகதிகளே அதில் தோன்றினர். புதோவ்கின் முயற்சியால் அது சோவியத் நாட்டில் திரையிடப்பட்டது. அதே நிமாய் கோஷ் பின்னர் சென்னையில் குடியேறி, 1960இல் ‘பாதை தெரியுது பார்’ படத்தை இயக்கினார் என்பது தமிழ்த் தோழர்கள் பலருக்கும் தெரிந்ததே.

1957. கோசிந்த்செவ் இயக்கிய ‘டான் குவிக்ஸாட்’. சிறுவர் அரங்கில் தொடங்கிய வேடம். இடையில் 1941 வசந்தத்தில், போர் மூள்வதற்குச் சில மாதங்களுக்கு முன், புல்ககோவின் நாடக வடிவில் லெனின்கிராட் புஷ்கின் அரங்கில் ஒருமுறை ஏற்ற வேடம். ஐம்பது வயதைக் கடந்தபின் மூன்றாம் முறையாக அதே ஈட்டியை எடுத்தார். கிரீமியாவின் வறண்ட குன்றுகள் ஸ்பெயினாயின. பிராங்கோவின் வெற்றிக்குப் பின் தாயகம் திரும்ப முடியாத ஸ்பானியச் சிற்பி அல்பெர்த்தோ சாஞ்செஸ் காட்சியமைப்புக்கு உதவினார். இழந்த ஊரின் சுவர்களை அந்நிய மண்ணில் அவர் எழுப்பியிருக்கிறார் என்று அறிந்து பார்த்தால் அந்தச் சுண்ணாம்புச் சுவர்கள் வேறுவிதமாகத் தெரியும். செர்க்காசோவின் குவிக்ஸாட்டை அரண்மனையில் பிரபுக்கள் கூடி நகைக்கும் காட்சியே படத்தின் உச்சம். அவர்கள் சிரிக்கச் சிரிக்க அவர் மேலும் பணிவோடு தலை வணங்குகிறார். அதிகாரம் நிறைந்த அறையில் நேர்மையான மனிதன் ஒருவன் தன் நீண்ட உடலை எங்கே வைப்பது என்று தெரியாமல் நிற்பதை, அவர் நடித்தாரா, நினைவுகூர்ந்தாரா என்று கேட்கத் தோன்றுகிறது.

அடுத்த ஆண்டு, இவான் இரண்டாம் பாகம் பெட்டியிலிருந்து வெளிவந்த அதே 1958இல், புஷ்கின் அரங்கில் புல்ககோவின் ‘ஓட்டம்’ நாடகத்தில் ஹ்லூதவ் வேடம் ஏற்றார். கிரீமியாவில் மனிதர்களை விளக்குக் கம்பங்களில் தூக்கிலிட்ட வெண்படைத் தளபதி அவன். தான் தூக்கிலிட்ட ஒரு சிப்பாயின் உருவம் நாடுகடந்தும் அவனை விடாது தொடர்கிறது. 1929இல் ஸ்டாலினே அந்நாடகத்தை அது இருந்த வடிவில் ஏற்காததால் மேடையேறாமல் நின்றுபோன படைப்பு. ஆசிரியர் இறந்து பதினெட்டு ஆண்டுகள் கழித்து அது அங்கே அரங்கேறியபோது, கொலைக்கு ஆணையிட்டவனின் உறக்கமின்மையை மீண்டும் நடித்தவர், இவானாக நடித்த செர்க்காசோவ். இந்த முறை தாடியின் நீளத்தைப் பற்றி யாரும் கேட்கவில்லை.

கடைசிப் பெரிய வேடம் 1963இல் ‘யாவும் மக்களுக்கே எஞ்சும்’ படத்தில் வந்த கல்விக்கழக அறிஞர் திரோனவ்: மரணம் நெருங்குவதை அறிந்தும் தொடங்கிய ஆய்வை முடித்துவிட விரையும் மனிதர். பொலெஷாயெவாக நடித்த இளைஞருக்கு முதுமை ஒப்பனை தேவைப்பட்டது. திரோனவுக்கு அவ்வளவு தேவைப்படவில்லை. இதற்கு 1964இல் லெனின் பரிசு கிடைத்தது. 1966 செப்டம்பர் 14 அன்று லெனின்கிராடில் காலமானார். அவரை அடக்கம் செய்த இடம், அந்நகரின் அலெக்சாந்தர் நெவ்ஸ்கி மடத்து வளாகத்தில் உள்ள கலைஞர்களின் இடுகாடு.

இப்போது ‘பால்டிக் பிரதிநிதி’ திரையிடப்படும். பிறந்தநாள் காட்சி வரும்போது, தொலைபேசி ஒலிக்கும் முன்னர், அவருடைய கைகளைக் கவனியுங்கள்.